வெற்றிலை வைக்க வேண்டிய வீடு

பழைய வண்ணாரப்பேட்டை, சென்னை-21
20-11-83

அன்புள்ள அண்ணனுக்கு ராஜமாணிக்கம் வணக்கத்துடன் எழுதியது.

கார்த்திகைப் பனி வந்தால் உங்களுக்கு நெஞ்சில் சளி கட்டிக்கொள்ளுமே, இந்த வருஷம் எப்படி இருக்கிறது? எனக்குச் சர்க்கரை கொஞ்சம் ஜாஸ்தி என்று டாக்டர் சொல்கிறார். மற்றபடி குறையில்லை. ரேணுகா உங்களுக்கு நமஸ்காரம் சொல்லச் சொன்னாள்.

வேங்கிக்காலில் கட்டிக்கொண்டிருக்கும் கலையரங்கத்துக்குக் கூரை முடிந்துவிட்டது. மேடைக்குப் பின்னால் வேஷம் கட்ட தனி அறை, ஆள் உயரக் கண்ணாடி, குழாய்த் தண்ணீர் எல்லாம் வைத்திருக்கிறேன். எண்ணெய் மில்லை இப்போது மேனேஜர்தான் பார்க்கிறார். இத்தனை வருஷம் செக்கும் பிண்ணாக்கும் என்று ஓடியாயிற்று. இனிமேல் கலைக்குச் செய்வோம் என்று இறங்கிவிட்டேன்.

நம் பக்கத்துக் கூத்துக் குழு, சகாதேவன் வாத்தியாருடைய ஜமா, அதை அப்படியே மாசச் சம்பளத்துக்கு எடுத்துக்கொண்டேன். ஆடினாலும் ஆடாவிட்டாலும் மாசம் பிறந்தால் சம்பளம். போன மாசம் டெல்லிக்குப் போய் ஆடிவிட்டு வந்தார்கள்.

வைகாசியில் திறப்பு விழா. அதற்கு ஒரு மலர் போடுகிறோம். அதில் என் வாழ்க்கையைப் பற்றி ஒரு கட்டுரை வருகிறது, கல்லூரிப் பேராசிரியர் ஒருவர் எழுதுகிறார். சின்ன வயதில் எனக்குக் கூத்தில் ஈடுபாடு எப்படி வந்தது என்று கேட்கிறார். எனக்குப் பாதி மறந்துபோய்விட்டது. உங்கள் ஞாபகம் ஊருக்கே தெரியும். நீங்கள் சொல்லச் சொல்ல ஆதிலட்சுமியை எழுதச் சொல்லி அனுப்புங்கள்.

உங்கள் தம்பி,
ராஜமாணிக்கம்


காரையேரி, கீழ்பென்னாத்தூர் வழி
8-12-83

தம்பி ராஜமாணிக்கத்துக்கு அண்ணன் கோதண்டராமன் சொல்ல, மருமகள் ஆதிலட்சுமி எழுதியது.

சளியும் இருக்கிறது, தூதுவளை ரசமும் இருக்கிறது. இரண்டும் நெஞ்சுக்குள் சண்டை போட்டுக்கொள்ளட்டும் என்று விட்டுவிட்டேன். உன் சர்க்கரை, மில், லாரி, வேங்கிக்கால் கட்டடம், அங்கே காவலுக்குக் கட்டியிருக்கும் நாய் எல்லாம் சௌக்கியம்தானா?

உனக்குக் கூத்தில் ஈடுபாடு எப்படி வந்தது என்று கேட்கிறாய். சின்ன வயதில் வரவே இல்லை. நம் திரௌபதியம்மன் கோயில் திருவிழாவில் ஊரே விடிய விடியக் கூத்துப் பார்க்கும். உங்கள் சென்னைக்காரர்கள் வேர்க்கடலை என்கிற மல்லாட்டை மூட்டையில் தலை வைத்து நீ தூங்குவாய். கோமாளிக் கட்டியங்காரன் வந்து சனம் சிரிக்கும்போது மட்டும் எழுந்திருப்பாய். ஏன்டா என்று அப்பா கேட்டதற்கு, "சிரிக்கற சனந்தான் மல்லாட்டை வாங்கும்"னு சொன்னாய். அப்பவே நீ வியாபாரி. அழுகைக் கட்டத்தில் ஒரு படி கூட விற்காது என்று உனக்குத் தெரிந்திருந்தது.

அப்புறம் மல்லாட்டை பிடிக்க ஊர் ஊராகப் போனாய். முகவீணைக்காரர் மண்ணாங்கட்டி அவர் வீட்டில் மூட்டை போட்டுவைக்க இடம் கொடுத்தார். மழையில் வண்டி மாட்டிக்கொண்ட வாரத்தில் அங்கேயே தங்கி, அவர் ஊத ஊதக் கேட்டாய். ஊருக்கு வந்து, "அண்ணா, அது அழுவுது"னு சொன்னாய். உனக்குக் கூத்து வந்தது அந்த வீட்டில்தான். பேராசிரியருக்கு அதைச் சொல்.

ஒரு காரியம் கேட்கிறேன். மண்ணாங்கட்டி செத்த வருஷத்தோடு நம் ஊர்த் திருவிழா நின்றுபோனது. அப்புறம் பஞ்சம், அப்புறம் ஊர்ச் சண்டை. இந்த வருஷம் நடத்துவோம் என்று தர்மகர்த்தா என்ற முறையில் நான் பேசி எல்லாரையும் ஒரு வழிக்குக் கொண்டுவந்திருக்கிறேன். சித்திரைக் கடைசியில் காப்பு. வைகாசியில் படுகளம். துரியோதனனை மண்ணில் படுக்க வைத்துப் பீமன் தொடையில் அடிக்கிறதை இந்தக் கண் மறைவதற்குள் இன்னொரு தடவை பார்க்க வேண்டும். நம் ஊர் ஜமா உன்னிடம் இருக்கிறது. அதை அனுப்பு.

ரேணுகாம்பாளும் சுகமாக இருக்கிறாளா? நான் கேட்டதாகச் சொல்லவும்.

அண்ணன்,
கோதண்டராமன் (கை நாட்டு)


சென்னை-21
12-1-84

அன்புள்ள அண்ணாவுக்கு,

பொங்கலுக்கு உங்களுக்கும் ஆதிலட்சுமிக்கும் துணி அனுப்பியிருக்கிறேன். சளி விட்டதா? எனக்கு இன்று உடம்பில் ஒரு நோயும் இல்லாத மாதிரி இருக்கிறது. காரணம் உங்கள் கடிதத்தின் கடைசி வரி.

எங்களுக்குக் கல்யாணமாகி இருபது வருஷமாகிறது. சாதியைக் காட்டி, முகவீணைக்காரர் மகளுக்குக் கோயிலில் காப்பு இல்லை என்று ஊர் சொன்ன நாளிலிருந்து நீங்கள் அவள் பெயரைச் சொன்னதில்லை. நேரில் பார்த்தால் என்னிடம் பேசுவீர்கள், அவள் நிற்கும் பக்கம் திரும்ப மாட்டீர்கள். நானும் கேட்கக் கூடாதென்று இருந்துவிட்டேன். இப்போது பெயர் சொல்லிக் கேட்டிருக்கிறீர்கள். அவள் கடிதத்தை வாங்கிப் படித்தாள். சாமி மாடத்தில் விளக்குக்குக் கீழே வைத்துவிட்டுச் சமையலுக்குப் போய்விட்டாள்.

ஜமா வரும். திருவிழா முழுக்க உங்கள் ஊரில்தான். திறப்பு விழாவைத் தள்ளி ஆனியில் வைத்துக்கொள்கிறேன். இது என் வாக்கு.

பேராசிரியர் எழுதியதின் நகலை அனுப்பியிருக்கிறேன். நான் தூங்கியதெல்லாம் மலருக்குச் சரிவராது என்கிறார். மண்ணாங்கட்டி மாமா பற்றியும் இப்போது வேண்டாம். மந்திரி, கலெக்டர் எல்லாரும் படிக்கிற மலர். ஒவ்வொன்றாக விளக்கிக்கொண்டிருக்க முடியாது. நீங்கள் புரிந்துகொள்வீர்கள்.

தம்பி,
ராஜமாணிக்கம்


காரையேரி
2-2-84

தம்பிக்கு அண்ணன் சொல்லி எழுதியது.

துணி வந்தது. வேட்டி கரை அகலம். எனக்கு எதற்கு இவ்வளவு கரை? உடம்பு பரவாயில்லை, கண் மட்டும் ஊமை வெயில் மாதிரி இருக்கிறது.

ஜமாவை அனுப்புவதாக நீ எழுதியதை ஆதிலட்சுமி படித்தாள். ஊரில் தண்டோரா போட்டாயிற்று. படுகளத்துக்கு மண் எடுக்க ஏரியில் இடம் பார்த்துவிட்டோம். இத்தனை வருஷம் முகம் பார்க்காதவர்கள் எல்லாம் ஒன்றாக உட்கார்ந்து திருவிழா வரி பேசுகிறார்கள். உன்னால் நடக்கிறது.

ஆனால் அந்தப் பேராசிரியர் எழுதியதையும் படிக்கச் சொல்லிக் கேட்டேன். கருவிலேயே உனக்குக் கலை வந்துவிட்டதாம். நீ கருவில் இருக்கும்போது அம்மா மல்லாட்டைக் கொல்லையில் களை பிடுங்கிக்கொண்டிருந்தாள். அங்கே யார் கூத்து ஆடினார்கள்? அந்த ஆள் எந்த ஊர்?

மண்ணாங்கட்டி பெயரைப் போடு. உன் கல்யாணத்துக்கு அப்புறமும் அவர் நம் ஊருக்கு வந்து ஊதினார். கூத்துக்கு அழைத்து அப்பா வெற்றிலைத் தட்டை வைத்தார், அவர் எடுத்துக்கொண்டார். சம்பந்தி என்ற சொல்லை இரண்டு பேரும் வாயில் எடுக்கவில்லை. கொடிமரத்துப் பக்கத்தில் உட்கார்ந்து ஊதிவிட்டு, எங்கள் வீட்டில் தண்ணீர் கூடக் குடிக்காமல் நடந்து போனார். அப்படி ஒரு மனுஷனை விட்டுவிட்டு உன் கதையை எழுதினால் அது யார் கதை?

காப்புக்கு முதல் நாளே நீ வந்துவிடு. ரேணுகாம்பாளையும் அழைத்துக்கொண்டு வா. அவளுக்கு மூட்டு வலி என்று கேள்விப்பட்டேன், முடக்கத்தான் காயவைத்து அனுப்பியிருக்கிறேன்.

அண்ணன்,
கோதண்டராமன் (கை நாட்டு)


சென்னை-21
4-3-84

அன்புள்ள அண்ணாவுக்கு,

முடக்கத்தான் வந்தது, ரசம் வைத்தாள். வலி குறைந்தது என்கிறாள். நிஜமாகக் குறைந்ததா, நீங்கள் அனுப்பியதென்பதால் குறைந்ததா என்று கேட்டேன், சிரிக்கிறாள். உங்கள் கண்ணுக்குச் சென்னையில் நல்ல டாக்டர் இருக்கிறார், திருவிழா முடிந்ததும் என்னோடு வர வேண்டும்.

நாங்கள் இருவரும் காப்புக்கு முதல் நாள் வருகிறோம். நீங்கள் அழைத்த பிறகு வேறு என்ன யோசனை? ரேணுகா அவள் அப்பா உட்காரும் இடத்தில், கொடிமரத்துப் பக்கத்தில், ஒரு நாழி உட்கார வேண்டும் என்கிறாள். வேறொன்றும் கேட்கவில்லை. காப்பு கட்டுவீர்களா என்று கூடக் கேட்கவில்லை. அண்ணன் கூப்பிட்டிருக்கிறார், அவர் பார்த்துக்கொள்வார் என்றாள். மஞ்சள் புடவை எடுத்துவிட்டாள்.

ஊரில் இன்னும் பழைய கட்டுப்பாடு பேசுகிற சின்னசாமி மாதிரி ஆட்கள் ஏதாவது சொன்னால் நீங்கள் சமாளித்துக்கொள்ளுங்கள். தர்மகர்த்தாவின் சொல்லுக்கு மேல் என்ன இருக்கிறது?

தம்பி,
ராஜமாணிக்கம்


காரையேரி
14-3-84

ராஜமாணிக்கத்துக்கு, கோதண்டராமன் சொல்ல, கிளைத் தபாலாபீஸ் கண்ணாயிரம் எழுதியது.

உடம்பு விசாரிக்க இப்போது மனசில்லை.

ஆதிலட்சுமி அவள் தங்கை பிள்ளைக்குக் காது குத்து என்று தாய்வீட்டுக்குப் போயிருந்தாள். உன் கடிதம் வந்தது. தபாலாபீஸ் வாசலில் கண்ணாயிரத்தைப் படிக்கச் சொன்னேன். அவன் குரல் உனக்குத் தெரியும், தந்தி படிக்கிற மாதிரி ஊருக்கே படித்தான். வரி பேச வந்த சனம் மொத்தமும் அங்கே இருந்தது. நீங்கள் அழைத்த பிறகு என்று அவன் படித்ததும் எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். சின்னசாமி எழுந்து துண்டை உதறினான்.

"தர்மகர்த்தாவே கூப்ட்டுட்டாரு. இன்னும் நாம எதுக்கு ஒக்காந்து பேசறோம்? வூட்டுக்குப் போலாம் வாங்க"னு சொன்னான்.

நான் அழைக்கவில்லை. அதைத்தான் அங்கே சொன்னேன், உனக்கும் சொல்கிறேன். நீ மட்டும் வா என்றுதான் நான் சொன்னேன். ஆதிலட்சுமி அவளையும் அழைத்துக்கொண்டு வா என்று எழுதியிருக்கிறாள். சுகம் விசாரித்ததும் அவள்தான். முடக்கத்தான் அனுப்பியதும் அவள்தான். நீ எழுதிய சந்தோஷத்தையெல்லாம் எனக்குப் படிக்காமல் முழுங்கிவிட்டாள். ஆள் விட்டு அழைத்துக் கேட்டேன். தலையைக் குனியவில்லை.

"நீங்க சொன்னதெல்லாம் எழுதினேன் மாமா. அது ஒண்ணுக்கு மட்டும் கை வரல"னு சொல்கிறாள்.

என் பெயரில் நான் பேசாத பேச்சு இருக்கக் கூடாது. எழுதப் படிக்கத் தெரியாதவனுக்கு வாய்ச்சொல் ஒன்றுதான் கையெழுத்து. அதனால் உள்ளதைச் சொல்லிவிட்டேன். உனக்குக் காப்பு உண்டு, உன் வீட்டுக்கு இல்லை. இது ஊர் போட்டது. இப்போதுதான் ஒன்று சேர்ந்திருக்கிற சனத்தை நான் இதை வைத்துப் பிரிக்க முடியாது. நீ வா, ஜமாவை அனுப்பு. நீ கொடுத்தது வாக்கு.

கோதண்டராமன் (கை நாட்டு)


ராஜமாணிக்கம் கலை அறக்கட்டளை
வேங்கிக்கால், திருவண்ணாமலை
2-4-84

ஐயா,

தாங்களும் தங்கள் குடும்பத்தாரும் நலமென நம்புகிறோம். தங்கள் 14-3-84 தேதியிட்ட கடிதம் நிறுவனர் அவர்களின் பார்வைக்கு வைக்கப்பட்டது.

அறக்கட்டளைக் கலைஞர்கள் திறப்பு விழா ஒத்திகையில் ஈடுபட்டிருப்பதால் சித்திரை, வைகாசி மாதங்களில் வெளி நிகழ்ச்சிகளுக்கு அனுப்ப இயலாத நிலையில் உள்ளோம். தவிர்க்க முடியாத காரணங்களால் திறப்பு விழா 27-5-84 ஞாயிறு அன்று நடைபெறும். தங்களுக்கு முன்வரிசையில் இருக்கை ஒதுக்கப்பட்டுள்ளது. நுழைவுச் சீட்டு இத்துடன் இணைக்கப்பட்டுள்ளது.

இப்படிக்கு,
கே. ராமகிருஷ்ணன்
மேலாளர்


காரையேரி
10-4-84

தம்பிக்கு அண்ணன். மறுபடி ஆதிலட்சுமிதான் எழுதுகிறாள். நான் சொல்வதற்கு மேல் ஒரு எழுத்துக் கூடுதல் ஆகக் கூடாது, கம்மியும் ஆகக் கூடாது என்று அம்மன் மேல் சத்தியம் வாங்கிக்கொண்டேன்.

நீ நல்லபடியாக இருப்பாய். அண்ணன் எப்படி இருக்கிறான் என்று கேட்க உனக்கு மேலாளர் இருக்கிறார்.

படுகளம் என்றைக்கென்று உனக்குத் தெரியும். அதே ஞாயிற்றுக்கிழமை உன் திறப்பு விழா. எனக்கு முன்வரிசையில் நாற்காலி. சீட்டை மாட்டுக் கொட்டகைத் தூணில் ஆணியடித்து வைத்திருக்கிறேன், போகும்போதும் வரும்போதும் வயிறு எரியட்டும் என்று.

போன வாரம் வெற்றிலைத் தட்டோடு பஸ் ஏறி வேங்கிக்காலுக்குப் போனேன். வாட்ச்மேன் யாரைப் பார்க்க வேண்டும் என்று கேட்டான். இந்தக் கட்டடத்துக்காரனைத் தூக்கி வளர்த்தவன் என்றேன். அவன் அதை ஒரு பேரேட்டில் எழுதிக்கொண்டு உள்ளே விட்டான். ஜமா ஆடிக்கொண்டிருந்தது. துகில் உரிகிற கட்டம். சுவரில் கடிகாரம். துச்சாதனன் அதைப் பார்த்துப் பார்த்துப் புடவையை இழுக்கிறான். ஒன்று சொல்கிறேன், ஆட்டம் குறையில்லை. நல்ல சாப்பாடு, நல்ல தூக்கம், கால் நன்றாக எழும்புகிறது. உன்னைத் திட்டிக்கொண்டே போனவன் அதைப் பார்த்து நின்றுவிட்டேன். அதுவும் எரிச்சலாக இருந்தது.

சகாதேவன் ஓடிவந்து நாற்காலி போட்டான். தட்டை நீட்டினேன். கையைக் கட்டிக்கொண்டான்.

"பெரியவரே, எம் பொண்ணு கல்யாணத்துல மொதலாளிதான் முன்ன நின்னாரு. அவரு வேணான்னா நான் எப்படி வருவேன்? வேற ஜமா வெச்சிக்கிங்க."

தேசூர் ஜமாவுக்கு அந்தத் தேதி சும்மா இருக்கிறது, ஆனால் அடுத்தவனுக்குப் பரம்பரையாக ஆடும் முறையுள்ள ஊரில் வெற்றிலை எடுக்க மாட்டோம் என்கிறார்கள், நீ விட்டுக்கொடு என்றேன்.

"முறை என்னுது இல்லீங்க. நான் வாத்தியாரு மட்டுந்தான். காரையேரி முறை மண்ணாங்கட்டி வூட்டுது. அந்த வூட்டுக்கு முன்னாடி வெத்தல வெக்காம இந்த ஜமா உங்க ஊர்ல என்னைக்காவது ஆடியிருக்குதா? உங்களுக்குத் தெரியாததா?"

தெரியாமலா? தெரிந்ததால்தான் அந்த வீட்டுக்குப் போகாமல் அவனிடம் போனேன். மண்ணாங்கட்டிக்கு ஒரே பெண். இனி அந்த முறை யாரிடம் இருக்கிறது என்று நான் சொல்லத் தேவையில்லை. உன் வீட்டில் கேட்டு, விட்டுக்கொடுத்ததாக ஒரு வரி எழுதி அனுப்பு. நாள் இல்லை.

கோதண்டராமன் (கை நாட்டு)


சென்னை-21
17-4-84

அண்ணாவுக்கு,

வணக்கம். சுகம்.

என் வீட்டில் நான் கேட்க மாட்டேன். நீங்கள் அழைக்கவில்லை என்று கண்ணாயிரம் எழுதிய கடிதம் முதலில் என் கைக்கு வந்திருந்தால் அவளிடம் மறைத்திருப்பேன். அவளே தபால்காரரிடம் வாங்கிப் பிரித்துவிட்டாள். படித்துவிட்டு, மஞ்சள் புடவையை வேலைக்காரப் பெண்ணிடம் கொடுத்தாள். சாமி மாடத்தில் இருந்த கடிதம் இன்னும் அங்கேயே இருக்கிறது. எடுக்கட்டுமா என்றேன், இருக்கட்டும், அது ஆதிலட்சுமி எழுதினது என்றாள்.

ஆயிரம் பேர் உட்கார அரங்கம் கட்டியவன் நான். என் பெண்டாட்டி உட்கார அந்த ஊரில் ஒரு முழம் இடம் வாங்க என்னால் முடியவில்லை. இதற்கு மேல் நான் என்ன எழுதுவது?

கேட்க வேண்டியவர் கேட்க வேண்டிய இடத்தில் கேட்கட்டும்.

ராஜமாணிக்கம்


காரையேரி
24-4-84

முகவீணை மண்ணாங்கட்டி மகள் ரேணுகாம்பாளுக்கு, காரையேரி திரௌபதியம்மன் கோயில் தர்மகர்த்தா கோதண்டராமன் சொல்ல, ஆதிலட்சுமி எழுதியது.

எங்கள் ஊர்க் கூத்துக்கு உன் அப்பா வீட்டு முறை. அவருக்கு அப்புறம் உனக்கு. சித்திரைக் கடைசியில் காப்பு வைத்திருக்கிறோம். சனம் ஒன்றாகி நிற்கிறது. இந்த வருஷம் நின்றால் மறுபடி சேராது. நான் அதற்காக வீடு வீடாக ஏறி இறங்கியிருக்கிறேன்.

வெற்றிலை தபாலில் வராது. நீ சரி என்றால் தட்டோடு சென்னைக்கு வருகிறேன். எடுத்துக்கொண்டு உன் ஜமாவை அனுப்பினாலும் சரி, விட்டுக்கொடுத்து வேறு ஜமா ஆடலாம் என்றாலும் சரி. பதில் சீக்கிரம் வர வேண்டும்.

கோதண்டராமன் (கை நாட்டு)


சென்னை-21
1-5-84

பெரியவருக்கு ரேணுகாம்பாள் வணக்கம்.

நான் சுகமாக இருக்கிறேன். மூட்டு வலி இருக்கிறது. உங்கள் கடிதத்தில் ஆதிலட்சுமி ஒரு எழுத்தும் கூடச் சேர்க்கவில்லை என்று தெரிந்துகொண்டேன். நான் எப்படி இருக்கிறேன் என்று அதில் இல்லை. அவளைத் திட்டாதீர்கள்.

நீங்கள் இங்கே வர வேண்டாம். என் அப்பா உங்கள் ஊர் வெற்றிலையை எடுத்தார், தண்ணீர் கேட்கவில்லை. என்னால் அப்படி முடியாது. தட்டோடு வருகிறவருக்குச் சாப்பாடு போடாமல் அனுப்ப எனக்கு மனசு வராது; நீங்கள் சாப்பிடுவீர்களா என்று யோசித்துக்கொண்டு நான் வாசலில் நிற்கவும் முடியாது.

முறையை விட்டுக்கொடுத்தேன். இந்த வருஷத்துக்கு மட்டும் இல்லை. இனி காரையேரியில் எங்கள் வீட்டுக்கு முறை இல்லை. தேசூர்க்காரர்கள் நல்ல ஜமா, அப்பாவே சொல்லியிருக்கிறார்.

புது ஜமா வெற்றிலை எடுக்கும்போது யார் விட்டுக்கொடுத்தது என்று சபையில் கேட்பார்கள். அப்போது எங்கள் அப்பா பெயரையும் என் பெயரையும் வாய் விட்டுச் சொல்லுங்கள். அது வழக்கம். அதைத் தவிர எனக்கு வேறொன்றும் வேண்டாம்.

உங்கள் தம்பியின் திறப்பு விழாவுக்கும் நான் போகப் போவதில்லை. மலர் அச்சாகி வந்துவிட்டது. புரட்டிப் பார்த்தேன். அதிலும் என் அப்பா இல்லை. கேட்டால் அடுத்த மலரில் போடலாம் என்கிறார். நீங்கள் ஊருக்குப் பயப்படுகிறீர்கள், அவர் மந்திரிக்குப் பயப்படுகிறார். அண்ணன் தம்பி இரண்டு பேரும் ஒரே வளர்ப்புதான்.

ரேணுகாம்பாள்


காரையேரி
2-6-84

தம்பி ராஜமாணிக்கத்துக்கு அண்ணன் கோதண்டராமன் சொல்ல, ஆதிலட்சுமி எழுதியது.

மழை ஒரு பாட்டம் பெய்தது. எல்லாரும் இருக்கிறோம். உன் அரங்கத்தைத் திறந்தது பேப்பரில் வந்ததைக் கண்ணாயிரம் படித்தான். படத்தில் உன் பக்கத்து நாற்காலி காலியாக இருக்கிறதாம். யாருடையது என்று அவன் கேட்டான். அடுத்த பக்கத்தைப் புரட்டச் சொன்னேன்.

திருவிழா நடந்தது. நீ கேட்காவிட்டாலும் சொல்கிறேன்.

காப்பன்று தேசூர் ஜமா வந்து கொடிமரத்தடியில் நின்றது. அவர்கள் வாத்தியார் அர்ஜுனன் என்று ஒருவர், நெட்டையாக இருப்பார். நான் தட்டை நீட்டினேன். எடுப்பதற்கு முன்னால், "முறைய விட்டுக் குடுத்தது யாருங்க?" என்று கேட்டார். ஊர் முழுக்க நின்றுகொண்டிருந்தது. பம்பைக்காரன் கையை நிறுத்திவிட்டான்.

முகவீணை மண்ணாங்கட்டி மகள் ரேணுகாம்பாள் என்று சொன்னேன்.

சின்னசாமி பின்னாலிருந்து, "யாரு? காதுல வுழல" என்றான். அவனுக்குக் காது நன்றாகக் கேட்கும். திரும்பிப் போய் அவன் முகத்துக்கு நேராக நின்று இன்னொரு தடவை சொன்னேன். எங்கள் தம்பி சம்சாரம் என்றும் சேர்த்துச் சொன்னேன். அர்ஜுனன் வெற்றிலையை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். அவ்வளவுதான், முடிந்துவிட்டது. ஊர் இடிந்து விழவில்லை. சனம் பிரியவில்லை. சின்னசாமி அன்றைக்கே வரியைக் கட்டிவிட்டான். இருபது வருஷமாக இதற்கா பயந்தேன் என்று எனக்குக் கோபம் கோபமாக வருகிறது. யார் மேல் என்று தெரியவில்லை, வீட்டில் எல்லார் மேலும் விழுகிறேன்.

படுகளமும் நடந்தது. பீமன் அடித்தான், பாஞ்சாலி கூந்தல் முடிந்தாள், பெண்டுகள் முறத்தோடு வந்து அழுதார்கள், சாயங்காலம் தீ மிதித்தார்கள். பார்க்க வேண்டும் என்று கிடந்தேன், பார்த்துவிட்டேன். மண்ணாங்கட்டி உட்காரும் இடத்தில் தேசூர் முகவீணைக்காரன் உட்கார்ந்திருந்தான். இனிமேல் அது அவன் இடம். வருஷா வருஷம் நான் தேசூருக்குத் தட்டு எடுத்துக்கொண்டு போக வேண்டும். உன் வீட்டு வாசலுக்கு வர எனக்கு என்ன வேலை இருக்கிறது?

சபையில் நான் சொன்னதை அவளிடம் நீ சொல். சத்தமாகத்தான் சொன்னேன், இரண்டு தடவை சொன்னேன் என்று சொல்.

இதை எழுதச் சொன்னால் ஆதிலட்சுமி பேனாவைக் கீழே வைத்துவிட்டாள். "அவங்களுக்கே எழுதுங்க மாமா. இனிமே நடுவுல ஆளு எதுக்கு?" என்கிறாள். சரி, எழுதுடி என்றேன். புதுத் தாள் எடுத்துவந்தாள். தேதி போட்டாள். ஊர் பெயர் போட்டாள். அப்புறம் என்னைப் பார்த்து, "அவங்கள என்னன்னு கூப்ட்டு ஆரம்பிக்கட்டும்?" என்று கேட்டாள்.

பெயர் சொல்லலாமா, அம்மா என்பதா, வேறு என்ன முறை வைத்துக் கூப்பிடுவது, ஒன்றும் வாயில் வரவில்லை. மாட்டுக்குத் தண்ணீர் காட்ட வேண்டும் என்று சொல்லி எழுந்து போய்விட்டேன். அதனால்தான் இந்தக் கடிதம் உனக்கு வருகிறது.

அண்ணன்,
கோதண்டராமன் (கை நாட்டு)